கோர்தோபாவில் ஞாயிற்றுக்கிழமைச் சாப்பாடு

நாணல்துறையில் வெள்ளத்தில் இடிந்துபோய் வெறும் தூண்களாக நின்ற பழைய பாலம் ஒரு தை மாதச் சனிக்கிழமை விடியலில் முழுசாகிக் கிடந்ததையும், அதன் மறுகரையில் வாழைத்தோப்புக்குப் பதிலாக ஸ்பெயின் தேசத்துக் கோர்தோபா நகரம் இருந்ததையும் முதலில் பார்த்தவர் பால்காரர்தான் என்றாலும், அவர் அதைச் சொல்லிக்கொண்டு ஓடிவரவில்லை, சைக்கிளைத் திருப்பி உருட்டிக்கொண்டு டீக்கடைக்கு வந்து, "அக்கரையில இன்னைக்கு வேற ஊரு இருக்கு, அங்க இன்னும் விடியவும் இல்ல, எல்லாரும் உறங்குதாவ, பால் மிஞ்சிப்போச்சு, வேணுமா?" என்று கேட்டார்.

மத்தியானத்துக்குள் ஊரே போய்ப் பார்த்துவிட்டது. பாலத்தின் நடுவில் வெயில் இரண்டாகப் பிரிந்திருந்தது. இந்தப் பாதியில் உச்சி வெயிலும் அந்தப் பாதியில் இளங்காலை வெயிலும் அடித்தன, ஒரு கல்லிலிருந்து அடுத்த கல்லுக்குக் காலை எடுத்து வைத்தால் முதுகு வேர்க்க நெற்றி குளிர்ந்தது. அடுத்த நாள் எங்கள் பிள்ளையார் கோயிலில் விளக்கு வைக்கிற நேரத்தில் பாலத்தின் அந்தப் பாதி ஒவ்வொரு கல்லாக மங்கிப்போயிற்று, திங்கட்கிழமை வாழைகள் பழைய இடத்தில் நின்றன, அடுத்த சனிக்கிழமை மறுபடியும் கோர்தோபா வந்தது.

முதல் வாரம் பேசினோம், இரண்டாவது வாரம் பழகிவிட்டோம். தோப்புக்காரர்கள் வெள்ளிக்கிழமையே தண்ணீர் பாய்ச்சிக்கொண்டார்கள். விசாரிக்க வந்த அரசாங்க ஜீப் புதன்கிழமை வந்ததால், அதிலிருந்து இறங்கியவர் மொட்டைத் தூண்களைப் பார்த்துவிட்டு இளநீர் குடித்துவிட்டுப் போனார். அந்த ஊர்க்காரர்களுக்கும் சனி ஞாயிறில் தங்கள் பாலத்தின் தென்கரை காணாமல்போவது சங்கடமாகத்தான் இருந்தது, ஆனால் அவர்களுக்கு வேறு பாலங்கள் இருந்தன. பாலத்து முனையில் நின்ற போலீஸ்காரர் எங்களிடம் தாள் கேட்டார், நாங்கள் ரேஷன் கார்டைக் காட்டினோம், அவர் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, குடும்பத் தலைவரின் போட்டோவையும் எதிரில் நின்ற ஆளையும் ஒப்பிட்டுச் சிரித்து உள்ளே விட்டார். ஒரு காலத்தில் மசூதியாகவும் இப்போது மாதா கோயிலாகவும் இருக்கிற அவர்களுடைய பெரிய மண்டபத்தில், கண்ணுக்கு எட்டிய மட்டும் தூண்களும் தூண்களுக்கு மேல் சிவப்பும் வெள்ளையுமாக வளைவுகளும் இருந்ததைப் பார்த்த எங்கள் ஆட்கள், நெல்லையப்பர் கோயில் பழக்கத்தில், பாடுகிற தூண் எது என்று கண்டுபிடிக்க ஒவ்வொன்றாகத் தட்டிப் பார்த்துக்கொண்டே போனார்கள். காவலாளி ஓடிவந்து சத்தம் போட்டார், நாங்கள் நகர்ந்த பிறகு அவரும் ஒரு தூணில் காதை வைத்துத் தட்டிப் பார்த்ததாகச் சொல்கிறார்கள்.

இப்படி ஆளாளுக்குப் போய்க் கால் போன பக்கம் அலைந்து, வழி தெரியாமல் ஒரே சந்தில் சுற்றிச் சுற்றி வந்துகொண்டிருந்த காலத்தில்தான் பிரமநாயகம் இதை ஒழுங்குபடுத்தினார். காசி, ராமேஸ்வரம், நவதிருப்பதி என்று ஊர்க்காரர்களை வேனில் கூட்டிப்போய்ப் பத்திரமாகத் திருப்பிக் கொண்டுவருகிற தொழில் அவருடையது; நெற்றியில் திருநீறும் கையில் மஞ்சள் கொடியுமாக அவர் முன்னால் நடந்தால் பின்னால் எத்தனை பேர் வந்தாலும் ஒருவர் தொலைந்ததில்லை. வேன் ஷெட்டில் ஊரைக் கூட்டி உட்காரவைத்து, கோர்தோபாவின் இரண்டு நாளை அவர் கல்யாண வீட்டுப் பந்தலை அளப்பதுபோல அளந்தார்.

"இங்க மத்தியானம் சாப்பிட்டுட்டுக் கெளம்புதோம், அங்க போனா காலம்பற. மொதல்ல தூண் மண்டபம், தட்டக் கூடாது. அப்புறம் யூதத் தெரு, பூந்தொட்டி தொங்குத வீட்டு முத்தங்க. சாயங்காலம் கிதார் கச்சேரி, காலைத் தரையில தட்டி ஆடுவாவ. படுக்கை கன்னியாஸ்திரி மடத்து ஹால்ல. ஞாயிறு வெள்ளி நகைக் கடைத்தெரு, பழைய கோட்டை, அதோட சரி."

"சாப்பாடு?" என்றார் ரைஸ்மில் சங்கரலிங்கம். எந்தக் கூட்டத்திலும் முதலில் இதைக் கேட்பவர் அவர்தான்.

"சாப்பாட்டுக்கு ஆவுடை வாரா."

அதற்குப் பிறகு யாரும் எதுவும் கேட்கவில்லை. ஆவுடையம்மாள் பிரமநாயகத்தின் மனைவி. யாத்திரை வேனில் கடைசி சீட்டைக் கழற்றிவிட்டு வைத்திருந்த அடுப்புக்கும் அண்டாவுக்கும் பக்கத்தில் அவள் இருபது வருஷத்துக்கும் மேலாக உட்கார்ந்து வந்திருக்கிறாள். கூட்டம் சன்னதிக்குள் நிற்கும்போது அவள் வாகனம் நிறுத்துகிற இடத்தில் புளியோதரை கிளறிக்கொண்டிருப்பாள், கூட்டம் வெளியே வரும்போது இலை போட்டிருப்பாள். கோர்தோபாவிலும் அப்படியே, நகர வாசல் வளைவுக்கு வெளியே, மதிலோரம், ஆற்றைப் பார்த்து அடுப்பு வைத்தாள். பெருங்காயமும் நல்லெண்ணெயும் மணக்க ஆரம்பித்ததும் போலீஸ்காரர் வந்தார், சிலிண்டரைப் பார்த்து என்னமோ சொன்னார், ஒரு தொன்னை புளியோதரையை வாங்கிக்கொண்டு போனார், மறுவாரம் தன் மேலதிகாரியைக் கூட்டிவந்தார்.

அந்தத் திட்டத்தில் ஒரே ஒரு குறை இருந்தது. ஞாயிற்றுக்கிழமை இங்கே விளக்கு வைக்கும் நேரம் அங்கே மத்தியானச் சாப்பாட்டுக்குக் கொஞ்சம் முன்னால். அந்த ஊர்க்காரர்கள் வாரம் முழுக்க எதை வேண்டுமானாலும் தின்றுவிட்டு, ஞாயிறு மத்தியானம் மட்டும் குடும்பம் குடும்பமாக முற்றத்தில் நீள மேசை போட்டு உட்கார்வார்கள். சந்துகள் முழுக்கப் பூண்டும் எண்ணெயும் வதங்குகிற மணம் கிளம்பி, தட்டுகள் மேசையில் வைக்கப்படுகிற சத்தம் கேட்கத் தொடங்கும்போது பிரமநாயகம் மஞ்சள் கொடியைத் தூக்குவார், நாங்கள் அந்த மணத்தின் ஊடாகவே நடந்து பாலத்துக்கு வந்து, எங்கள் அந்திக்குள் இறங்கிவிடுவோம். ஞாயிற்றுக்கிழமைச் சாப்பாட்டை எங்களில் ஒருவரும் கண்ணால் பார்த்ததில்லை. வெள்ளிக்கிழமைகளில் வேன் ஷெட்டில் திட்டம் போடும்போது அதைப் பற்றிப் பேசியே அரை மணி நேரம் போகும்.

ஆவுடையம்மாளுக்கு அங்கே ஒருத்தியோடு பழக்கம் ஏற்பட்டிருந்தது. மதிலுக்குப் பின்சந்தில் வீடு உள்ள என்கார்னா என்கிற விதவை, இரட்டை நாடி உடம்பும் உரத்த குரலும் கொண்டவள், முதல் வாரமே வந்து அடுப்புக்கு எதிரில் இடுப்பில் கைவைத்து நின்று கவனித்தாள், இரண்டாவது வாரம் தெருவோர மரத்துக் கசப்பு ஆரஞ்சுகளை ஒரு கூடை கொண்டுவந்து வைத்தாள். ஆவுடையம்மாள் அவற்றை நார்த்தங்காய்போலச் சுருளாக நறுக்கி உப்பில் போட்டு மூன்றாவது வாரம் ஒரு ஜாடியைக் கொடுத்தாள். ஒருத்தி பேசுவது மற்றவளுக்குப் புரியாது; அது அவர்கள் பேசுவதைத் தடுக்கவில்லை.

மாசிக் கடைசியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை பிரமநாயகம் கூட்டத்தோடு வாசல் வளைவுக்கு வந்தபோது, அண்டாவைத் தேய்த்துக் கவிழ்த்திருந்தது, அடுப்பைத் துடைத்திருந்தது, கரண்டிகளைத் துணியில் சுற்றி மேலே வைத்திருந்தது, ஆவுடையம்மாள் இல்லை. முன்னாலேயே போய்விட்டாள் என்று நினைத்தார். வேன் டிரைவர் மாசாணம் அண்டாவைத் தலையில் வைத்துக்கொண்டான். அக்கரை மங்கி, பாலம் மொட்டையாகி, எங்கள் பக்கத்துப் படித்துறையில் எல்லோரும் செருப்பைத் தேடிக்கொண்டிருந்தபோதுதான், அவள் இங்கேயும் இல்லை என்பது தெரிந்தது.

அந்த வாரம் நாங்கள் என்னென்னவோ பேசினோம். தவறி ஆற்றில் விழுந்திருப்பாள் என்றார்கள் சிலர், அண்டாவைக் கழுவிக் கவிழ்த்துவிட்டா ஒருத்தி தவறி விழுவாள் என்றார்கள் மற்றவர்கள், அந்த வெள்ளைக்காரி மருந்து வைத்துவிட்டாள் என்றார்கள், பெண்கள் பெரும்பாலும் ஒன்றும் சொல்லாமல் கேட்டுக்கொண்டிருந்தார்கள். கோயம்புத்தூரிலிருந்து மகள் வடிவு போன் செய்து, "அம்மாவை விட்டுட்டா வந்திய?" என்று கேட்டாள். பிரமநாயகம் பகலில் படித்துறையில் உட்கார்ந்து எதிர்க்கரை வாழையைப் பார்த்தார். சங்கரலிங்கம் வீட்டிலிருந்து தூக்குவாளியில் சோறு போயிற்று, அப்படியே திரும்பி வந்தது.

சனிக்கிழமை கூட்டத்தைத் தூண் மண்டபத்துக்குள் அனுப்பிவிட்டு அவர் பின்சந்துக்குள் நுழைந்தார். எப்போதும் திட்டத்தோடு நடந்தவருக்கு ஒரு தனி வீட்டைத் தேடத் தெரியவில்லை. வெள்ளையடித்த சுவர்கள் எல்லாம் ஒன்றுபோல இருந்தன, ஒவ்வொரு முற்றத்திலும் சுவர் முழுக்க நீலத்தொட்டிகளில் செடிகள் தொங்கின. கடைசியில் அவள் போட்ட ஆரஞ்சு ஊறுகாயின் மணத்தை வைத்துத்தான் கண்டுபிடித்தார். முற்றத்துக் கிணற்றடியில், ஆரஞ்சு மரம் பூவுதிர்த்துக்கொண்டிருந்த நிழலில், பிரம்பு நாற்காலியில் ஆவுடையம்மாள் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். அவள் கையில் வேலையில்லாமல் உட்கார்ந்து அவர் பார்த்ததில்லை, அதனால் முதலில் வேறு யாரோ என்று நினைத்தார்.

"ஒடம்புக்கு ஒண்ணும் இல்லையே?" என்றார்.

"ஒண்ணும் இல்ல. உக்காருங்க."

"ஊரே கலங்கிப்போச்சு, ஆவுடை. வடிவு அழுதா. ஒரு வாரம். என்ன செஞ்ச நீ ஒரு வாரம்?"

"சாப்பிட்டேன்" என்றாள் ஆவுடையம்மாள். "பாத்திரம் எல்லாம் கழுவி வச்சுட்டுத் தண்ணி குடிக்கலாம்னு இங்க வந்தேன். அந்தம்மா மேசையில என்னைய உக்கார வச்சுத் தட்டை வச்சுட்டாவ. 'கோமே, கோமே'ன்னாவ. கோமதின்னு கூப்பிடுதாவன்னு நெனச்சேன். அப்புறம் பாத்தா, சாப்பிடுன்னு சொல்லுதாவ. யாரும் என்னைய அப்படிச் சொன்னதில்ல. உக்காந்துட்டேன். பாலம் போற நேரம் நம்ம கோயில் மணி கேட்டுச்சு, கேக்காத மாதிரி இருந்துட்டேன்."

"நான் சொன்னதில்லையா?"

"'சாப்பிட்டியா'ன்னு கேப்பிய. எல்லாத்தையும் ஏறக்கட்டின பெறவு."

அவர் கொடியைக் கைமாற்றிக்கொண்டார். தூண் மண்டபத்துக்குள் போனாளா என்று கேட்டார், போகவில்லை, அவசரம் என்ன என்றாள். நாளைக்கு விளக்கு வைக்கும் முன்னால் வந்துவிட வேண்டும், தானே வந்து கூட்டிப்போவதாகச் சொன்னார்.

"நாளைக்குச் சாப்பிட்டுட்டுத்தான் சொல்லுவேன்" என்றாள். "அவசரப்படுத்தாதிய. சரி, நான் ஒண்ணு கேக்கேன். எனக்கு என்ன பிடிக்கும்? சாப்பாட்டுல. சொல்லுங்க பாப்போம்."

பிரமநாயகம் வாயைத் திறந்தார். சங்கரலிங்கத்துக்கு அவியலில் முருங்கைக்காய் இருக்க வேண்டும், மாசாணத்துக்குச் சோற்றில் தயிர் கெட்டியாக விழ வேண்டும், தலைமையாசிரியை அம்மாவுக்குக் கத்தரிக்காய் ஆகாது, அரிக்கும். யாத்திரைக்கு வந்த ஒவ்வொருவரின் நாக்கும் அவருக்குத் தெரியும். மனைவி சாப்பிடுவதை நினைத்துப் பார்த்தார். வேனின் பின்படியில் அவள் முதுகு தெரிந்தது, மடியில் தட்டு இருந்தது, தட்டில் என்ன இருந்தது என்று தெரியவில்லை.

"யோசிச்சு வைங்க" என்றாள் அவள்.

அன்று சாயங்காலம் கிதார் கச்சேரியில் அவர் யோசித்தார், ஆடியவள் காலால் தரையை உடைத்துவிடுவதுபோலத் தட்டியதை அவர் கவனிக்கவில்லை. மடத்து ஹாலில் படுத்து யோசித்தார். மறுநாள் வெள்ளி நகைக் கடைத்தெருவில் கூட்டம் ஒரு கம்மலைச் சுற்றி நின்று பேரம் பேசியபோதும் யோசித்தார். தெரிந்ததையெல்லாம் ஒவ்வொன்றாக எடுத்துப் பார்த்தார். எல்லாம் மற்றவர்களுக்காக அவள் செய்தவையாக இருந்தன. சந்துகளில் பூண்டு வதங்கத் தொடங்கியது, அவர் கொடியைத் தூக்கினார், கூட்டம் பின்னால் வந்தது, பாலத்துக்கு வந்து எல்லோரையும் முன்னால் விட்டுக் கடைசியாக அவர் நடந்தார். வெயில் இரண்டாகப் பிரிகிற இடத்துக்கு வந்ததும் நின்றுவிட்டார். இந்தப் பக்கம் எங்கள் பிள்ளையார் கோயில் மணி அடிக்கத் தொடங்கியிருந்தது.

"அண்ணாச்சி, வாங்க, நேரமாச்சு" என்று இந்தப் பக்கத்து அந்தியிலிருந்து மாசாணம் கூப்பிட்டான்.

"ஏலே, இதைப் பிடி." கொடியை அவனிடம் நீட்டினார். "பாத்துக் கூட்டிட்டுப் போ."

"நீங்க எங்க போறிய?"

"சாப்பிட" என்றார் பிரமநாயகம்.

அவர் ஓடியதை நாங்கள் இங்கிருந்து பார்த்தோம். கனத்த உடம்புக்காரர், வேட்டியை மடித்துப் பிடித்துக்கொண்டு, நல்ல வெயிலில், அவர் காலடி தாண்டிய கற்கள் ஒவ்வொன்றாக மங்கிக்கொண்டே வர, நகர வாசல் வளைவுக்குள் போனார். பிறகு வாழைதான் தெரிந்தது.

அவர் போய்ச் சேர்ந்தபோது மேசையில் எல்லோரும் உட்கார்ந்தாயிற்று; என்கார்னாவின் மகன்கள், மருமகள்கள், தூக்கக் கலக்கத்தில் ஒரு கைக்குழந்தை, நடுவில் ஆவுடையம்மாள். அவரைப் பார்த்ததும் ஒருவரும் ஆச்சரியப்படவில்லை, நகர்ந்து உட்கார்ந்து இடம் விட்டார்கள். தக்காளியையும் பழைய ரொட்டியையும் பூண்டோடு அரைத்த குளிர்ந்த கெட்டிச் சாறு கிண்ணத்தில் வந்தது. கீரையும் கொண்டைக்கடலையும் சீரகத்தோடு வதக்கி மண்சட்டியில் வந்தது. மெல்லிசாகச் சீவி மொறுமொறுவென்று பொரித்த கத்தரிக்காய், மேலே கருப்பட்டிப் பாகுபோலக் கறுத்த கரும்புப் பாகு ஊற்றி, பெரிய தட்டில் வந்தது. "கோமே" என்றாள் என்கார்னா. பிரமநாயகம் சாப்பிடவில்லை, மனைவியின் கையையே பார்த்துக்கொண்டிருந்தார். அந்தக் கை கத்தரிக்காயை எடுத்தது. மறுபடியும் எடுத்தது. மற்றவர்கள் பேசிச் சிரித்துக்கொண்டிருந்தபோது மூன்றாவது தடவையும் எடுத்தது.

"கத்தரிக்கா" என்றார் அவர், மெதுவாக. "உனக்குக் கத்தரிக்கா பிடிக்கும்."

ஆவுடையம்மாள் மென்று விழுங்கினாள். "கத்தரிக்கா எனக்குப் பிடிக்காது. அந்தப் பாகுக்காகத் திங்கேன்." பிறகு அவரைப் பார்த்தாள். அவர் முகத்தில் வேர்வை வழிந்துகொண்டிருந்தது, வேட்டி ஓரம் கிழிந்திருந்தது. "பாலம் போயிருக்குமே" என்றாள்.

"போயிருச்சு."

"ஆளுங்க?"

"மாசாணம் கூட்டிட்டுப் போயிட்டான்."

அவள் தட்டை அவர் பக்கமாகத் தள்ளிவைத்தாள். அவர் சாப்பிட்டார், நிறையச் சாப்பிட்டார், சாப்பிட்டு முடிக்க அந்த ஊர் வழக்கப்படி சாயங்காலம் ஆயிற்று.

அடுத்த சனிக்கிழமை பாலம் வரவில்லை. அதற்கடுத்த சனிக்கிழமையும் வரவில்லை. பால்காரர் பழையபடி ஆற்றில் இறங்கிக் கடந்து அக்கரையில் வழக்கமான இரண்டு வீடுகளுக்கும் சனிக்கிழமை ஊற்றத் தொடங்கினார், தோப்புக்காரர்கள் இஷ்டப்பட்ட நாளில் தண்ணீர் பாய்ச்சினார்கள், கோர்தோபா போகாதவர்கள் போனவர்களைவிட அதிகமாக அதைப் பற்றிப் பேசத் தொடங்கினார்கள். வடிவு வந்து மொட்டைத் தூண்களைப் பார்த்துக் கோபப்பட்டுக்கொண்டிருந்தபோது அவளுடைய போனில் தெரியாத நம்பரிலிருந்து அழைப்பு வந்தது. ஆவுடையம்மாள் பேசினாள். இரண்டு பேரும் சௌக்கியம்; தூண் மண்டபத்துக்குள் போய்விட்டு வந்தார்கள், தட்டவில்லை; எந்த விமானத்திலும் எந்தக் கப்பலிலும் வராதவர்களை எப்படித் திருப்பி அனுப்புவது என்று அந்த ஊர் ஆபீசில் யோசித்துக்கொண்டிருக்கிறார்கள்; யோசித்து முடித்ததும் வருவார்கள்.

யோசித்து முடிக்க ஆனி மாதம் ஆயிற்று. மதுரையில் விமானம் இறங்கியது, மாசாணம் வேனைக் கழுவி மாலை போட்டு எடுத்துப்போனான். வீடு திரும்பிய மறுநாள் பிரமநாயகம் உப்புமா கிண்டினார், அடியில் பிடித்துவிட்டது, அதைச் சுரண்டித் தட்டில் வைத்துக்கொண்டு சாப்பிட வா என்று மனைவியைக் கூப்பிட்ட சத்தம் தெருமுனைவரை கேட்டது. யாத்திரைக்கு வேறு சமையல்காரர் ஏற்பாடாயிற்று. ஆவுடையம்மாள் வேனில் முன்சீட்டில் உட்கார்ந்து வந்தாள். ஆற்றுக்கு அக்கரையில் இன்னொரு தேசம் வந்து நின்றதை இரண்டே வாரத்தில் பழகிக்கொண்ட நாங்கள், இதைப் பழகிக்கொள்ள முடியாமல் வெகுகாலம் வாசலில் நின்று எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தோம்.

ஆவணியில் சங்கரலிங்கத்தின் மகள் கல்யாணம். முதல் பந்திக்குக் கதவைத் திறந்ததும் ஆவுடையம்மாள் போய் நடு வரிசையில் உட்கார்ந்தாள், பக்கத்து இலையில் பிரமநாயகம் உட்கார்ந்தார். அவள் நிதானமாகச் சாப்பிட்டாள். சாம்பாருக்குப் பிறகு ரசம் கேட்டாள், ரசத்துக்குப் பிறகு பாயசம் கேட்டாள், பாயசத்தில் அப்பளத்தை நொறுக்கிப் போட்டாள், மாங்காய் ஊறுகாயைத் தொட்டுக்கொண்டு மறுபடியும் கொஞ்சம் சோறு கேட்டாள். வரிசையில் மற்றவர்கள் இலையை மடித்துவிட்டு எழுந்து போனார்கள். அடுத்த பந்திக்கு இடம் பிடிக்க வந்த நாங்கள், வழக்கம்போல நாற்காலிகளுக்குப் பின்னால் போய் நின்றோம், நின்றுகொண்டே இருந்தோம். பெண்ணின் தகப்பனார் சங்கரலிங்கமே வந்து, சம்பந்தி வீட்டார் காத்திருப்பதைச் சொல்லலாமா வேண்டாமா என்று தெரியாமல் அவள் நாற்காலியின் முதுகில் கைவைத்தார்.

ஆவுடையம்மாள் திரும்பிப் பார்த்தாள்.

"நில்லுங்க அண்ணாச்சி" என்றாள். "இன்னும் மோர் வரல."